வேட்டைக் கணக்கு

தஞ்சாவூர் போகும் பேருந்து திருவெறும்பூரைத் தாண்டும்போதுதான் பக்கத்து இருக்கைப் பையனின் கைப்பேசியைக் கவனித்தேன். கல்லூரி அடையாள அட்டையைக் கழுத்தில் போட்டிருந்தான். திரையில் நீண்ட கோரைப் பற்களோடு சேபர்ஃபாங் என்ற மிருகம் உறுமிக்கொண்டிருந்தது. இவன் அனுப்பிய ஐந்து வீரர்களில் இரண்டு பேர் அடி தாங்குகிறவர்கள், ஒருத்தி மந்திரக்காரி, மீதி இருவர் வில்லும் கத்தியும் பிடிப்பவர்கள். மிருகத்தின் உயிர்க்கோடு அசையக்கூட இல்லை. பையன் உதட்டைக் கடித்துக்கொண்டு மறுபடியும் அதே ஐந்து பேரை அனுப்பினான்.

என்னால் சும்மா இருக்க முடியவில்லை. "தம்பி, ஐஞ்சு பேரையும் ஒரே வகையில அனுப்புப்பா. மொதல்ல அந்த மிருகத்தோட விவரப் பக்கத்தைத் தொட்டுப் பாரு" என்றேன்.

நிமிர்ந்து என் நரைத்த தலையையும் மடியில் இருந்த காய்கறிப் பையையும் பார்த்தான். "ஆன்ட்டி, நீங்க லார்ட்ஸ் மொபைல் ஆடுவீங்களா?"

ஆடினேன். பல வருடங்கள், ஏறக்குறைய தினமும் ஆடினேன். அந்தப் பையன் வல்லத்தில் இறங்கிப் போன பிறகும் வழியெல்லாம் அந்த வருடங்களே நினைவில் ஓடின.

அப்போது நான் திருச்சி பெரிய கடைவீதிப் பக்கம் ஒரு பாத்திரக் கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தேன். நாள்வழி, பேரேடு, மாதக் கடைசியில் இருப்பு எடுப்பது என்று பொழுது போகும். வீட்டில் நானும் அம்மாவும்தான். தம்பி ஷார்ஜாவில் ஒரு குளிர்சாதனக் கிடங்கில் வேலைக்குப் போயிருந்தான். அந்த நாட்டில் அப்போது வாட்ஸ்அப்பில் செய்தி அனுப்பலாம், குரல் அழைப்பு வராது. பேச வேண்டுமானால் காசு செலவழித்துத்தான் அழைக்க வேண்டும். மாதச் சம்பளத்தை எண்ணி எண்ணி அனுப்புகிறவன் அதற்கெல்லாம் யோசிப்பான். வெள்ளிக்கிழமை ஒரு தடவை பேசுவோம். அம்மா "சாப்பிட்டியா?" என்பாள், அவன் "சாப்பிட்டேன்" என்பான். அதற்குமேல் இருவருக்கும் பேச்சு வராது.

2016 செப்டம்பரில் ஜியோ வந்தது. அதுவரை ஒரு ஜிபியை மாதம் முழுக்க இழுத்துப்பிடித்து வைத்திருந்த எங்கள் தெருவில், திடீரென்று எல்லார் கையிலும் இணையம் தாராளமாகப் புழங்கியது. சிங்கப்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட ஐஜிஜி நிறுவனத்தின் லார்ட்ஸ் மொபைல் ஆட்டமும் அதே வருடம்தான் வெளியானது. தம்பியின் அறைக்கூட்டாளிகள் அதை ஆடினார்கள். ஒரு நாள் அவனிடமிருந்து செய்தி வந்தது: "அக்கா, இதை இறக்கிக்க. கில்டுல சேர்த்து விடுறேன். உள்ளேயே பேசிக்கலாம், காசு ஆகாது."

கில்டு என்றால் சேர்ந்து ஆடுகிறவர்களின் கூட்டம். அப்படித்தான் நான் ஒரு கோட்டைக்குச் சொந்தக்காரி ஆனேன். வயல், மரம் வெட்டுமிடம், கல் குவாரி, படைவீடு என்று கட்டிக்கொண்டே போக வேண்டும். கோட்டையை இருபத்தைந்தாம் நிலை வரை உயர்த்தலாம். அடுத்தவன் கோட்டையை இடிப்பதில் தம்பிக்கு ஆசை. எனக்கு அதில் மனம் ஒட்டவில்லை. வரைபடத்தில் ஆங்காங்கே நிற்கும் மிருகங்கள்தான் என்னை இழுத்தன. அவற்றை அடித்தால் யார் வீட்டுக்கும் நட்டமில்லை. ஒரு சிப்பாய்கூடச் சாகமாட்டான், ஹீரோக்கள் மட்டுமே போய் வருவார்கள். கோட்டைக்குக் கவசம் போட்டபடியே வேட்டைக்குப் போகலாம். கடை முடிந்து வந்து, இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு அரை மணி நேரம் அதில் உட்காருவேன்.

பையனிடம் பேருந்தில் சொன்னதுதான் வேட்டையின் முதல் பாடம். ஒவ்வொரு மிருகத்துக்கும் ஒரு தோல் உண்டு. சிலவற்றின் மேல் வாளும் அம்பும் ஏறாது, மந்திரம் ஏறும். சிலவற்றுக்கு நேர் எதிர். மந்திரத்துக்கு இன்சினரேட்டர், ஸ்னோ குயின், எலிமென்டலிஸ்ட், பாம்பின் காப்ளின் என்று ஓர் அணி. ஆயுத அடிக்கு டீமன் ஸ்லேயர், ட்ரிக்ஸ்டர், பிளாக் க்ரோ, டெத் ஆர்ச்சர் என்று இன்னோர் அணி. ஓத் கீப்பர் கேடயம் பிடித்து நிற்பதைப் பார்க்க நன்றாக இருக்கும். ஆனால் வேட்டையில் எண்ணப்படுவது நாம் கொடுக்கும் சேதம்தான், தாங்கும் அடி இல்லை. ஆகவே ஐந்து இடத்துக்கும் அடிக்கிறவர்களே வேண்டும். இந்த இரண்டு அணியையும் தனித்தனியாக வளர்க்க மாதங்கள் ஆகும். கதைக் கட்டங்களைத் திரும்பத் திரும்ப ஆடிப் பதக்கம் சேர்த்து, ஹீரோக்களைப் பச்சை, நீலம், ஊதா என்று தரம் உயர்த்திக்கொண்டு போக வேண்டும். தம்பி எல்லா ஹீரோக்களுக்கும் கொஞ்சம் கொஞ்சமாகச் செலவிட்டான். நான் எனக்கு வேண்டிய பத்துப் பேரைக் குறித்துக்கொண்டு அவர்களுக்கு மட்டுமே செலவிட்டேன். சில மாதங்களில் அவன் கோட்டை என்னுடையதைவிடப் பெரிதாகிவிட்டது, வேட்டையில் மட்டும் என் அடி அவன் அடியைவிடப் பலமாக விழுந்தது.

"எப்படிக்கா?" என்று கேட்டான்.

"நாலு கடையில கொஞ்சம் கொஞ்சம் கடன் அடைச்சா ஒரு கடையும் தீராதுடா. ஒண்ணை முழுசா அடை, அப்புறம் அடுத்தது" என்றேன். பாத்திரக் கடை முதலாளி எனக்குச் சொன்ன பாடம் அது.

இரண்டாவது பாடம் எனர்ஜி. ஒவ்வொரு அடிக்கும் எனர்ஜி செலவாகும். மிருகத்தின் நிலை ஒன்றிலிருந்து ஐந்து வரை, நிலை ஏற ஏறச் செலவும் ஏறும். எனர்ஜி நேரம் போகப் போகத் தானாக ஊறும், ஓர் எல்லைக்கு வந்ததும் நின்றுவிடும். நிரம்பி நின்ற பிறகு கடக்கும் ஒவ்வொரு மணியும் வீண். கணக்குப்பிள்ளையின் கண்ணுக்கு இது முதல் வாரமே பட்டுவிட்டது. பழைய டைரி ஒன்றை எடுத்து இடப்பக்கம் வரவு, வலப்பக்கம் செலவு என்று கோடு போட்டேன். தூங்கப் போகுமுன் செலவழித்துத் தீர்த்துவிட்டால் ராத்திரி முழுக்க ஊறுவது அப்படியே வரவு. காலையில் கடைக்குக் கிளம்புமுன் இன்னொரு சுற்று. எனர்ஜி தரும் பொருட்கள் பரிசாகக் கிடைக்கும்போது உடனே உடைக்காமல் சேர்த்து வைப்பேன், கில்டு ஃபெஸ்ட் என்ற கில்டுப் போட்டியில் மிருக வேட்டைப் பணி வரும் நாளில் எடுப்பதற்காக.

ஒரே மிருகத்தை விடாமல் தொடர்ந்து அடித்தால் அடியின் பலம் கூடிக்கொண்டே போகும். நடுவில் வேறொன்றுக்குத் தாவினால் அந்தக் கூடுதல் பலம் கைவிட்டுப் போகும். ஆகவே, ஒன்றை எடுத்தால் முடிக்கப் போதுமான எனர்ஜி இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் தொடங்க வேண்டும். இல்லையென்றால் அதைக் கில்டுக்குச் சொல்லிவிட்டுத் தொடங்க வேண்டும். மிருகம் கொஞ்ச நேரம்தான் வரைபடத்தில் நிற்கும், பிறகு மறைந்துவிடும்.

எங்கள் கில்டில் நூறு பேருக்கு இடம் இருந்தது. பாதிக்குமேல் தமிழர்கள். ஷார்ஜா, துபாய், தோஹா என்று வளைகுடா முழுக்க இருந்தார்கள். ஈப்போவில் லாரி ஓட்டும் ஓர் அண்ணன், மட்டக்களப்பில் படித்துக்கொண்டிருந்த ஒரு தம்பி, மதுரையில் இரண்டு மருந்துக்கடைப் பையன்கள். மிச்சப் பேர் இந்தோனேசியா, துருக்கி, வியட்நாம். அவர்களோடு பேச அரட்டைப் பெட்டியிலேயே மொழிபெயர்ப்புப் பொத்தான் உண்டு. நாங்கள் தமிழை ஆங்கில எழுத்தில் அடிப்போம். பொத்தான் அதைப் பார்த்துத் திணறும். துருக்கிக்காரர் ஒருவர் அதைப் பொருட்படுத்தாமல் "அக்கா" என்ற ஒரு சொல்லை மட்டும் கற்றுக்கொண்டு, எல்லாச் செய்தியையும் அந்தச் சொல்லில்தான் தொடங்குவார்.

தனியாளாக அடித்தால் நாலாம் நிலை மிருகம் ஒன்றுக்கே நம் எனர்ஜி முழுக்கக் கரைந்துபோகும். கூட்டமாக அடிக்கும்போதுதான் வேட்டை வேட்டையாகிறது. மிருகம் பட்ட காயம் தானாக ஆறுவதில்லை, ஒருவர் விட்ட இடத்திலிருந்து அடுத்தவர் தொடரலாம். பார்த்தவர் அது நிற்கும் இடத்தின் எண்ணைக் கில்டு அரட்டையில் போடுவார். எல்லாக் கோட்டைகளும் பக்கத்தில் பக்கத்தில் தேன்கூடு மாதிரி ஹைவ் கட்டி உட்கார்ந்திருப்பதால் போகிற நேரம் மிச்சம். எங்களுக்கு இன்னொரு வசதியும் இருந்தது, ஊர்க் கடிகாரங்கள். ஈப்போ எங்களைவிட இரண்டரை மணி நேரம் முந்தும், ஷார்ஜா ஒன்றரை மணி நேரம் பிந்தும். நான் அடித்துவிட்டுப் படுத்தால் தம்பி வேலை முடிந்து வந்து தொடர்வான். அவன் படுத்த கொஞ்ச நேரத்தில் ஈப்போ அண்ணன் லாரிக்குக் கிளம்புமுன் எழுந்து மிச்சத்தைப் பார்ப்பார். காலையில் விழித்துப் பார்த்தால் "முடிச்சாச்சு லா அக்கா" என்று இருக்கும்.

கில்டில் யார் மிருகத்தைக் கொன்றாலும் எல்லாருக்கும் ஒரு பரிசுப் பெட்டி வரும். கொன்றவருக்குத் தனிப் பரிசும் உண்டு, அது கடைசி அடி அடித்தவருக்குப் போகும். இதில்தான் பல கில்டுகளில் சண்டை வரும். நான் உழைத்தேன், அவன் வந்து தட்டிக்கொண்டு போனான் என்று. ஆர்5 என்பது கில்டின் ஆக உயர்ந்த பதவி. எங்கள் ஆர்5 தலைவர் தோஹாவில் ஒரு பள்ளிப் பேருந்து ஓட்டுநர். அவர் ஒரு வழக்கம் வைத்திருந்தார். மிருகத்தின் உயிர்க்கோடு நூலளவுக்கு வந்ததும் எல்லாரும் நிறுத்திவிட வேண்டும். கில்டில் ஆகச் சின்னக் கோட்டை யாருடையதோ, அவரைக் கூப்பிட வேண்டும். அவர் வந்து கடைசி அடியை அடிப்பார்.

நான் புதிதாகச் சேர்ந்த வாரம் ஒரு ராத்திரி, "அக்காவுக்கு விடுங்க" என்று அரட்டையில் வரிசையாக வந்தது. என்னவென்றே எனக்குப் புரியவில்லை. தம்பிதான் "அக்கா, சீக்கிரம், அந்த நம்பருக்குப் போய் ஒரு அடி அடி" என்று எழுதினான். அடித்தேன். குயின் பீ விழுந்தது. முப்பது பேருக்குமேல் அடித்து இளைக்க வைத்த மிருகம், விழுந்தது என் பேரில். வாழ்த்துக்கள் வந்துகொண்டே இருந்தன. அவர்களில் ஒருவர் முகத்தையும் நான் பார்த்ததில்லை. அன்றைக்குத்தான் இந்த ஆட்டத்தை விடக்கூடாது என்று தோன்றியது.

பொறுமையைக் கற்றுக்கொடுத்ததும் வேட்டைதான். ஒவ்வொரு மிருகமும் தனக்கே உரிய பொருட்களைத் தரும். அவற்றைக் கொண்டு நம் படைத் தலைவனுக்குத் தலைக்கவசமும் வாளும் செய்யலாம். பொருட்கள் சாம்பல், பச்சை, நீலம், ஊதா, தங்கம் என்று தரவாரியாக வரும். ஒரு தரத்தில் நான்கைச் சேர்த்தால் அடுத்த தரத்தில் ஒன்று. அப்படியானால் ஒரு தங்கத்துக்குச் சாம்பல் 256 வேண்டும். இதை டைரியில் பெருக்கிப் பார்த்த நாளில் மருந்துக்கடைப் பையன்கள் மலைத்துப் போனார்கள். "அவ்வளவு யாருக்கா சேர்ப்பாங்க?" என்றார்கள். நூறு பேர் தினமும் அடித்தால் சேரும். சேர்ந்தது.

அம்மாவுக்கு ஆரம்பத்தில் பிடிக்கவே இல்லை. "ஏண்டி, இந்த வயசுல போனைக் கையில வெச்சுக்கிட்டு என்ன பொம்மை விளையாட்டு?" என்பாள். ஒரு நாள் தம்பி ஒரு மிருகத்தை அடிக்கப் போவதைக் காட்டினேன். "இது அவனா? இப்பவா?" என்றாள். திரையில் அவன் பேருக்குக் கீழே ஊர்ந்து போன சின்ன அம்புக்குறியையே பார்த்துக்கொண்டிருந்தாள். மகன் கண் விழித்திருக்கிறான், கை நலமாக இயங்குகிறது என்பதற்கு அவளுக்கு அது சான்று. பிறகு அவளே விசாரிக்கத் தொடங்கிவிட்டாள். மட்டக்களப்புப் பிள்ளைக்குப் பரீட்சை முடிந்துவிட்டதா? ஈப்போக்காரர் இன்னும் ஊர் திரும்பவில்லையா? வெள்ளிக்கிழமைப் பேச்சும் மாறியது. "நேத்து என்ன மிருகம்டா?" என்று அம்மா தொடங்குவாள். அதிலிருந்து அறை, வேலை, கூட இருப்பவர்கள், முதுகுவலி என்று அவன் எல்லாவற்றையும் சொல்வான்.

2020 மார்ச்சில் கொரோனாவுக்காக எல்லாவற்றையும் அடைத்தார்கள். கடை மூடியது. விமானம் நின்றது. ஷார்ஜாவில் தம்பியின் அறையில் ஒருவருக்குக் காய்ச்சல் வந்து, மொத்த அறையையும் தனிமைப்படுத்திவிட்டார்கள். அந்த வாரங்களில் எங்கள் கில்டு வேட்டையாடியதுபோல் முன்னும் பின்னும் ஆடியதில்லை. யாருக்கும் வேலை இல்லை, யாருக்கும் தூக்கமும் இல்லை. காலையில் ஆர்5 தலைவர் பெயர்ப்பட்டியலைப் பார்ப்பார். ஒருவர் அடி பதிவாகவில்லை என்றால் உடனே யாராவது விசாரிப்பார்கள். வேட்டைக்கென்று வைத்திருந்த வருகைப் பதிவு, நலம் விசாரிக்கும் ஏடாக ஆனது. மே மாதம், சிக்கியவர்களை ஊருக்கு அழைத்துவரும் வந்தே பாரத் விமானங்கள் தொடங்கின. தம்பியின் முறை வர இன்னும் வாரங்கள் ஆயின. விமான நிலையத்தில் காத்திருக்கும்போதுகூட ஒரு பிளாக்விங் மிருகத்தை அடித்துவிட்டுத்தான் ஏறினான். "ஏறிட்டேன்" என்று அவன் எழுதியதற்குக் கீழே எத்தனையோ மொழிகளில் வழியனுப்பு வந்தது.

அந்தச் செப்டம்பரில் இந்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தது. பப்ஜி மொபைலும் ரைஸ் ஆஃப் கிங்டம்ஸும் அந்தப் பட்டியலில் இருந்தன. ரைஸ் ஆஃப் கிங்டம்ஸில் காட்டுக்கூட்டத்தாரை வேட்டையாடிப் பழகியவர்கள் சிலர் எங்களிடம் வந்து சேர்ந்தார்கள். வருடக்கணக்காகக் கட்டிய நகரம் ஒரே நாளில் கைவிட்டுப் போன வருத்தம் அவர்களுக்கு. கடைசி அடியை அவர்களுக்கு விட்டோம். சரியான அணி, எனர்ஜிக் கணக்கு எல்லாம் அவர்களுக்கு ஏற்கெனவே தெரியும். பெயர்கள்தான் வேறு.

2022 மார்ச் கடைசியில் இலங்கையில் நாளொன்றுக்குப் பதின்மூன்று மணி நேரம் வரை மின்வெட்டு. மட்டக்களப்புத் தம்பியின் பெயருக்கு நேரே தினமும் வெறுமையாக இருந்தது. தினமும் அடிக்க வேண்டிய வேட்டைக் கணக்கை முடிக்காதவர்களை நீக்க வேண்டும் என்பது கில்டு விதி. "அக்கா, கரண்ட் இல்லை, போனில சார்ஜும் இல்லை. என்னை விலத்திப் போட்டு வேற ஆளைச் சேருங்கோ" என்று எழுதினான். தலைவர் ஒரு வரியில் முடித்தார்: "உன் பங்கை நாங்க அடிக்கிறோம். நீ படிக்கிற வேலையைப் பாரு." அந்த மாதங்களில் அவன் பங்கை மாற்றி மாற்றி அடித்தோம். எப்போதாவது மின்சாரம் வந்த இரவுகளில் அவன் வந்து பரிசுப் பெட்டிகளைத் திறந்துவிட்டுப் போவான்.

காசு விஷயத்தில் தலைவர் கண்டிப்பானவர். பணம் கட்டிப் பொட்டலம் வாங்கினால் சீக்கிரம் வளரலாம். அதை வாங்கச் சொல்லி யாரும் யாரையும் கேட்கக் கூடாது என்பது அவர் வகுத்த விதி. வியர்வைக் காசு ஊருக்குப் போகட்டும் என்பார். அந்த விதியால் நாங்கள் ராஜ்யத்தில் முதல் கில்டாக ஒருநாளும் வரவில்லை. ஆனால் வேட்டைப் பங்கில் எங்களுக்கு நல்ல பேர் இருந்தது. முறையாக அடிக்கிற ஏழைகள், முறையின்றி அடிக்கிற பணக்காரர்களுக்குச் சளைத்தவர்கள் இல்லை என்பதை அந்த வரைபடத்தில் கண்ணால் பார்த்தேன்.

இப்போது நிறைய மாறிவிட்டது. தானாக மிருகத்தைத் தேடி அடிக்கும் வெளி நிரல்களை ஓட்டுகிறவர்கள் பெருகிவிட்டார்கள். ஆட்டத்தின் விதிக்கு அது புறம்பு. அதைவிட எனக்கு உறுத்துவது, அடி விழுகிறது, ஆள் இருப்பதில்லை என்பது. தோஹாத் தலைவர் ஊர் திரும்பிச் சொந்தமாக வண்டி வாங்கிவிட்டார். எங்கள் கில்டு இன்னொன்றோடு கலந்தது. தம்பி லால்குடியில் குளிர்சாதனப் பெட்டி பழுது பார்க்கிறான், கல்யாணம் ஆகி இரண்டு குழந்தைகள். நான் கடைக் கணக்கோடு வேட்டைக் கணக்கையும் மூடிவிட்டேன். மட்டக்களப்புத் தம்பி இப்போது ஆசிரியர். தைப்பொங்கலன்று தவறாமல் செய்தி அனுப்புகிறான்.

புதிதாக வேட்டைக்கு வருகிறவர்களுக்கு என் கணக்கில் தேறியது இவ்வளவுதான். மிருகத்தின் இயல்பைப் பார்த்து அணியை எடுங்கள். இரண்டே அணியை வளருங்கள், பத்து அணியை அல்ல. எனர்ஜியை நிரம்பி வழிய விடாதீர்கள். தொடங்கியதை முடியுங்கள், முடியாததைக் கில்டுக்குச் சொல்லிவிடுங்கள். கடைசி அடியைச் சின்னவருக்கு விடுங்கள், அவர் நாளைக்கும் வருவார்.

பெற்றவர்களுக்கும் கூடப்பிறந்தவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். வீட்டில் ஒருவர் கைப்பேசியில் மூழ்கியிருந்தால், "எப்பப் பாரு போனு" என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடாதீர்கள். பணம் கட்டுகிறார்களா, தூக்கம் கெடுகிறதா என்று பாருங்கள், அது உங்கள் கடமை. அதோடு, யாரோடு ஆடுகிறாய் என்று ஒரு தடவை பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். பதில் சொல்ல அவர்களிடம் நிறைய இருக்கும்.